தந்தையின் கையொப்பம்

மலேசியாவின் பகாங் மாநிலத்தில், கேமரன் மலையின் வடபகுதியிலுள்ள கம்போங் ராஜாவிலும் அதையொட்டிய புளூ வேலி தேயிலைத் தோட்டத்திலும் கொழுந்து பறித்த தமிழ்ப் பெண்களின் உழைப்பைப் போற்றியவர்கள் பலர். அவ்வுழைப்பு அவர்களுக்குத் தன்னுரிமை தந்ததா என்று கேட்டவர்கள் மிகச் சிலரே. கேமரன் மலையில் 1929இல் போ தேயிலைத் தோட்டம் தொடங்கப்பட்ட காலத்தில், மலாயாவின் பல தோட்டங்களில் ஆணுக்கு நாட்கூலி 50 சென் என்றும் பெண்ணுக்கு 40 சென் என்றும் விதிக்கப்பட்டிருந்தது. தமிழகக் கிராமங்களிலிருந்து ஆள் திரட்டிவந்து வேலையையும் மேற்பார்த்த கங்காணியின் சொல் தோட்டத்திலும், தந்தை அல்லது கணவனின் சொல் லயம் எனப்படும் வரிசை வீட்டிலும் செல்லுபடியானதால், கூலி பெற்ற பெண்ணுக்கும் தன் வாழ்வைத் தானே தீர்மானிக்கும் உரிமை வாய்க்கவில்லை.

1943 ஜூலையில் சுபாஷ் சந்திரபோஸ் சிங்கப்பூரில் பெண்களுக்கெனத் தனிப் படையை அறிவித்தபோது இந்தக் கட்டுப்பாடு முதன்முறையாகப் பெரிய அளவில் அசைந்தது. இந்திய தேசிய ராணுவத்தின் ஒரு பிரிவான அந்த ஜான்சி ராணிப் படைக்கு மருத்துவர் லட்சுமி சுவாமிநாதன் தலைமையேற்றார். கோலாலம்பூரில் வசதியான குடும்பத்தில் பிறந்து, அப்போது பதினெட்டு வயதிலிருந்த ஜானகி தேவர், போஸின் கூட்டத்துக்குச் சென்று காதணிகளைக் கழற்றிக் கொடுத்ததோடு நில்லாமல், படையில் சேரவும் துணிந்தார். ஆனால் சேர்க்கைப் படிவத்தில் தந்தையின் கையொப்பம் தேவைப்பட்டது, அவரோ மறுத்தார். லட்சுமியே வீட்டுக்கு வந்து பேசிய பின்னர்தான் அவர் இணங்கினார். பிரித்தானியப் பேரரசை எதிர்க்கப் புறப்பட்ட பெண்ணுக்கு முதல் தடை வீட்டு வாசலிலேயே இருந்தது என்பதை இப்படையின் வரலாற்றை எழுதுவோர் இன்னும் அழுத்திச் சொல்ல வேண்டும்.

படையோடு பர்மா வரை சென்று திரும்பிய ஜானகி, 1946இல் மலாயா இந்தியர் காங்கிரஸ் தோன்றியபோது அதன் தொடக்க உறுப்பினரானார். 2000இல் இந்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது. பதினாறு வயதில் அதே படையில் சேர்ந்த ராசம்மா பூபாலன், 1960இல் பெண் ஆசிரியர் சங்கத்தை நிறுவி, ஒரே வேலைக்கு ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே ஊதியம் வேண்டுமெனப் போராடினார். இப்படையில் பெருந்தொகையாகச் சேர்ந்திருந்த தோட்டப் பெண்களோ, எழுத்தறிவையும் துப்பாக்கிப் பயிற்சியையும் பெற்ற பின்னரும், போர் முடிந்ததும் பெரும்பாலும் பழைய லயங்களுக்கே திரும்பினர். கல்வியும் குடும்ப வசதியும் இருந்த தோழியருக்குக் கிடைத்த மேடையோ பதவியோ அவர்களுக்குக் கிடைக்கவில்லை, அவர்களுள் மிகப் பலரின் பெயர்கள்கூட நூல்களில் ஏறவில்லை.