விசுவநாததாஸ் (1886–1940): தியாகிக்குள் இருந்த நடிகர்

சிவகாசியில் பிறந்து திருமங்கலத்தில் வாழ்ந்த விசுவநாததாஸை, 1940 டிசம்பர் 31 அன்று சென்னை மேடையில் முருகன் வேடத்திலேயே உயிர்விட்ட தியாகியாகத்தான் பலர் அறிவார்கள். அந்த மரணத்தின் புகழ் அவருடைய தொழில்திறனை மறைத்துவிடக் கூடாது. அவர் நடித்த ஸ்பெஷல் நாடகத்துக்கு ஒத்திகை கிடையாது. தனித்தனியாக அமர்த்தப்பட்ட நடிகர்கள் மேடையில்தான் ஒன்றுசேர்வார்கள். கதை ஊரறிந்தது, எந்தப் பாட்டை எங்கே வைப்பது என்பது நடிகரின் மனோதர்மம். ‘வள்ளி திருமணம்’ நாடகத்தில் தினைப்புனத்துப் பறவைகளை ஓட்டும் காட்சியில், வெள்ளையரைக் கொக்காக உருவகித்த பாட்டை அவர் பாடியது அந்த மனோதர்மத்தால்தான். புராணக் கதை அரசியல் மேடையாயிற்று, அதற்காக அவர் பலமுறை கைதானார்.

பாட்டை எழுதியவர் மதுரகவி பாஸ்கரதாஸ், விசுவநாததாஸ் வெறும் குரல்தானே என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் அந்தப் பாட்டுக்குக் கூர்மை தந்தது, எந்தக் காட்சியில், எந்தக் கூட்டத்தின் முன் அது ஒலித்தது என்பது; அந்தத் தேர்வு மேடையில் நின்றவருடையது. தேசபக்தி அலைதான் அவரைத் தூக்கியது என்பதும் முழு உண்மையாகாது. அவர் பிறந்த முடிதிருத்துவோர் சமூகத்தைக் காட்டி உடன் நடிக்க மறுத்த நடிகைகள் இருந்தார்கள். அத்தனை ஒதுக்குதலையும் மீறிக் கொட்டகைகள் அவரைத் திரும்பத் திரும்ப அழைத்தன என்றால், அதற்குக் காரணம் அவருடைய பாட்டும் நடிப்பும்தான்.