வரிசையில் எத்தனையாவது?

கணக்கின் வழித்தடம் – 17

'பலகாரம்' என்ற சொல்லில் ஐந்து எழுத்துகள்: ப, ல, கா, ர, ம். இவற்றை இடம் மாற்றி மாற்றி எழுதினால் 5 × 4 × 3 × 2 × 1, அதாவது 120 கோவைகள் கிடைக்கும் என்று சென்ற வாரம் பார்த்தோம். அவற்றில் பெரும்பாலானவற்றுக்குப் பொருள் கிடையாது. அதைப் பற்றி இப்போது கவலை வேண்டாம். இந்த 120-ஐயும் அகராதியில் வருவதுபோல ஒன்றன்கீழ் ஒன்றாக அடுக்கினால், 'பலகாரம்' எத்தனையாவது வரியில் நிற்கும்?

பிளஸ் ஒன்னில் வரிசைமாற்றங்கள் படித்தவர்களுக்கு இந்த மாதிரிக் கணக்கு நன்றாகப் பழக்கம். நுழைவுத் தேர்வுகளிலும் அடிக்கடி தலைகாட்டும். பயிற்சி மையங்களில் இதற்கென்றே ஒரு குறுக்குவழியை மனப்பாடம் செய்ய வைக்கிறார்கள். மதிப்பெண் வந்துவிடுகிறது. ஆனால் எண்ணூறு ஆண்டுப் பழமையுள்ள ஓர் அழகான சிந்தனை மாணவனின் கைக்கு எட்டாமலே போய்விடுகிறது. அந்த இழப்பை எண்ணித்தான் இந்த வாரம் முழுவதையும் இந்த ஒரு கணக்குக்கே ஒதுக்குகிறேன்.

முதலில் கணக்கைப் போடுவோம். ஐந்து எழுத்தையும் அகர வரிசையில் வைத்தால் கா, ப, ம், ர, ல. நம் சொல் 'ப'வில் தொடங்குகிறது. 'ப'வுக்கு முன்னால் வரக்கூடியது 'கா' மட்டும். 'கா'வை முதலில் நிறுத்திவிட்டால் மற்ற நாலு எழுத்தும் 24 விதமாக அமையும். அந்த 24 கோவைகளும் நம் சொல்லுக்கு முன்னால் போய்விடும். இரண்டாவது எழுத்து 'ல'. கையில் மிச்சமிருக்கும் கா, ம், ர, ல என்ற நாலில் 'ல'வுக்கு முந்தியவை மூன்று. ஒவ்வொன்றுக்கும் 6 கோவைகள், ஆக 18. மூன்றாவது 'கா', அதற்கு முன்னால் எதுவும் இல்லை. நாலாவது 'ர', அதற்கு முன்னால் 'ம்' இருக்கிறது, அதற்கு 1. கூட்டினால் 24 + 18 + 0 + 1 = 43. முன்னால் நிற்பவை 43 என்றால், 'பலகாரம்' 44-வது.

120 கோவைகளையும் எழுதவில்லை. எதை எதைத் தாண்டி வந்தோம் என்று மட்டும் எண்ணினோம். இருபது எழுத்து இருந்தாலும் இதே வேலைதான். இருபது எழுத்துக்கான பட்டியலை எழுத ஓர் ஆயுள் போதாது. அதில் ஒரு கோவையின் இடத்தைச் சொல்ல அரைப் பக்கத் தாள் போதும்.

இப்போது அந்த 43-ஐ இன்னொரு முறை பாருங்கள். அது 24 ஒன்று, 6 மூன்று, 2 இல்லை, 1 ஒன்று. சுருக்கி எழுதினால் 1, 3, 0, 1. நாம் அன்றாடம் எழுதும் எண்களில் ஒவ்வொரு இடமும் அடுத்ததைவிடப் பத்து மடங்கு. இங்கே அப்படியில்லை, இடத்துக்கு இடம் மடங்கு மாறுகிறது. வாரத்துக்கு 7 நாள், நாளுக்கு 24 மணி, மணிக்கு 60 நிமிடம் என்று நேரத்தை அளக்கிறோமே, அதே போக்குதான். முதல் இடத்தில் 4 வரை வரலாம், அடுத்ததில் 3 வரை, பிறகு 2 வரை, கடைசியில் 1 வரை. எல்லா இடத்தையும் நிரப்பினால் 96 + 18 + 4 + 1 = 119. சுழியிலிருந்து 119 வரை ஒவ்வொரு எண்ணையும் இந்த முறையில் ஒரே ஒரு விதமாகத்தான் எழுத முடியும். 120 கோவைகளுக்கு 120 எண்கள், ஒன்றுக்கு ஒன்று. பிரெஞ்சுக் கணிதர் லேசான் 1888-ல் இந்தக் காரணீய எண் முறையையும், வரிசைமாற்றங்களுக்கு அது பயன்படும் விதத்தையும் கட்டுரையாக எழுதினார்.

அதனால்தான் கணக்கைத் திருப்பியும் போட முடிகிறது. பலகாரப் பட்டியலில் 100-வது கோவை எது? நூறில் ஒன்றைக் கழித்து 99 எடுத்துக்கொள்ளுங்கள். 99-க்குள் 24 நாலு முறை அடங்கும், மீதி 3. ஆகவே கா, ப, ம், ர, ல வரிசையில் நாலைத் தாண்டி ஐந்தாவதான 'ல'வை எடுக்க வேண்டும். மீதி 3-க்குள் 6 அடங்காது. மிச்சமுள்ளவற்றில் முதலாவதான 'கா'. 3-க்குள் 2 ஒரு முறை. ப, ம், ர என்பதில் ஒன்றைத் தாண்டி 'ம்'. மீதி 1, ப, ர இரண்டில் ஒன்றைத் தாண்டி 'ர'. கடைசியில் 'ப'. விடை: ல-கா-ம்-ர-ப. பாடப்புத்தகங்கள் முதல் கேள்வியையே திரும்பத் திரும்பக் கேட்கின்றன. இந்த இரண்டாவது கேள்வியைச் சேர்த்துக் கேட்டால்தான் மாணவனுக்கு முதலாவதும் உண்மையில் புரிந்ததா என்று தெரியும்.

இரண்டையும் ஒரு ஜோடியாகவே கேட்டுப் பழகிய மரபு இங்கே இருந்திருக்கிறது. பள்ளியில் யாரும் எனக்கு அதைச் சொல்லவில்லை.

13-ஆம் நூற்றாண்டு. இன்று மகாராஷ்டிரத்தில் தௌலதாபாத் என்று அழைக்கப்படும் தேவகிரி, அன்று யாதவ அரசின் தலைநகர். அரசன் சிங்கணன். அவன் அவையில் கணக்குப் பொறுப்பில் இருந்தவர் சார்ங்கதேவர். காஷ்மீரத்திலிருந்து தெற்கே வந்த குடும்பம். அவர் எழுதிய 'சங்கீத ரத்னாகரம்' கர்நாடக சங்கீதம், இந்துஸ்தானி இரண்டுக்கும் பொதுவான மூல நூல். அதன் முதல் அத்தியாயத்தில் ஸ்வரங்களை இடம் மாற்றிக் கோக்கும் தானங்களைப் பற்றி எழுதும்போது அவர் கணிதத்துக்குள் இறங்கிவிடுகிறார். ஏழு ஸ்வரங்களை 5,040 விதமாகக் கோக்கலாம் என்று தொகை சொல்வதோடு அவர் நிற்கவில்லை. அத்தனையையும் ஒரு விதிப்படி வரிசையாக எழுதும் முறையைத் தருகிறார். அதற்குப் பிரஸ்தாரம் என்று பெயர். பிறகு இரண்டு கேள்விகள். இத்தனையாவது கோவை எது? அது நஷ்டம். இந்தக் கோவை எத்தனையாவது? அது உத்திஷ்டம். பிங்கலரின் யாப்பு நூல் வழியில் குறில் நெடில் அடுக்குகளுக்குக் கேட்கப்பட்டு வந்த கேள்விகளை அவர் ஸ்வரங்களுக்குக் கொண்டுவருகிறார்.

அவருடைய வரிசையில் ஒரு வேறுபாடு உண்டு. அகராதியில் முதல் எழுத்துதான் மிக மெதுவாக மாறும். அவருக்குக் கடைசி ஸ்வரம் மெதுவாக மாறும். மூன்று ஸ்வரங்களுக்கு அவர் வரிசை இது: சரிக, ரிசக, சகரி, கசரி, ரிகச, கரிச. வலப்பக்கத்திலிருந்து படிக்கப் பழகிவிட்டால் நாம் போட்ட கணக்கேதான்.

விடை காண அவர் வகுத்த அட்டவணைக்குக் கண்டமேரு என்று பெயர். படிக்கட்டு போன்ற ஏழு நிரல்கள். முதல் நிரலில் 1 மட்டும். இரண்டாவதில் 0, 1. மூன்றாவதில் 0, 2, 4. நாலாவதில் 0, 6, 12, 18. இப்படியே போய் ஏழாவதில் 0, 720, 1440 என்று தொடங்கி 4320 வரை. கட்டங்களில் கூழாங்கல்லை வைத்து எண்ண வேண்டும். ம-ரி-ச-க என்ற கோவையை எடுப்போம். கடைசி ஸ்வரம் 'க'. ச, ரி, க, ம என்ற இயல்பு வரிசையில் அது கடைசியிலிருந்து ஒரு படி முன்னால். நாலாம் நிரலில் ஒரு படி இறங்கினால் 6. 'க'வை நீக்கினால் மிச்சம் ச, ரி, ம. இப்போது கடைசியில் நிற்பது 'ச', இரண்டு படி முன்னால்; மூன்றாம் நிரலில் 4. அடுத்து 'ரி', ஒரு படி. இரண்டாம் நிரலில் 1. இறுதியாக 'ம'வுக்கு முதல் நிரலின் 1. கூட்டினால் 12. ம-ரி-ச-க பன்னிரண்டாவது கோவை.

முதல் நிரலில் இருக்கும் அந்த ஒற்றை 1-ஐக் கவனியுங்கள். தேர்வறையில் மாணவர்கள் கடைசியில் சேர்க்க மறக்கும் 1 அதுதான். முன்னால் நிற்பவற்றை எண்ணிவிட்டு, கேட்ட கோவையை எண்ணாமல் விட்டுவிடுவார்கள். சார்ங்கதேவர் அதை அட்டவணைக்குள்ளேயே வைத்துவிட்டார். மறக்க வழியே இல்லை. ஏழு நிரல்களின் அடிக்கட்டங்களையும் கூட்டினால் 1 + 1 + 4 + 18 + 96 + 600 + 4320 = 5040. கடைசிக் கோவையின் எண்ணும் மொத்தத் தொகையும் ஒன்றாக வந்து நிற்கின்றன. பாட்டுக்காரர்களுக்காக எழுதிய நூலில் இவ்வளவு கச்சிதமான கணிதம் இருப்பது எனக்கு இன்றும் வியப்பு.

அவருக்கு முன்பே 1150-ல் பாஸ்கராச்சாரியார் 'லீலாவதி'யில், சிவனின் பத்துக் கைகளில் பத்து ஆயுதங்களை எத்தனை விதமாக மாற்றி வைக்கலாம் என்று கேட்டு 36,28,800 என்று விடை தந்திருந்தார். பின்னர் 1356-ல் நாராயண பண்டிதர் 'கணித கௌமுதி'யில் இந்தத் துறைக்கு ஒரு பெரிய அத்தியாயமே எழுதினார். ஒரு வரிசையிலிருந்து அதற்கு அடுத்ததை உண்டாக்க இன்று கணினி நிரல்களில் பயன்படும் முறை அவரிடமிருந்து வருவதாக கணினி அறிவியலாளர் டொனால்டு நூத் எழுதியிருக்கிறார்.

எழுத்து திரும்ப வந்தால் என்ன செய்வது? 'கலகலவென' என்பதில் 'க' இரண்டு, 'ல' இரண்டு. ஆறு எழுத்துக்கு 720 என்று சொல்லிவிடக் கூடாது. ஒரே எழுத்துகள் தங்களுக்குள் இடம் மாறினால் புதிதாக எதுவும் பிறக்காது. 720-ஐ 2-ஆலும் மறுபடி 2-ஆலும் வகுத்தால் 180. அகர வரிசை க, ல, வெ, ன. முதல் 'க'வுக்கு முன்னால் எதுவும் இல்லை. இரண்டாவது 'ல'வுக்கு முன்னால் 'க' இருக்கிறது. 'கக' என்று தொடங்கினால் மிச்சம் ல, ல, வெ, ன, அவை 12 விதம். அதற்குப் பிறகு எல்லாமே ஏறுவரிசையில் அமைந்திருப்பதால் கூட்ட ஒன்றுமில்லை. 'கலகலவென' 13-வது.

இதே கணக்கை ஒரு கணினியிடம் எழுத்தின் குறியெண்ணை வைத்துப் போடச் சொன்னால் 28 என்று விடை வரும். கூட்டலில் பிழை இல்லை, எடுத்துக்கொண்ட வரிசைதான் வேறு. ஒருங்குறியில் தமிழ் எழுத்துகளுக்கு இடம் ஒதுக்கியபோது 1988-ஆம் ஆண்டின் இந்தியத் தரநிலையான இஸ்கியைப் பின்பற்றினார்கள். எல்லா இந்திய மொழிகளுக்கும் பொதுவான அந்த அடுக்கில் 'ந'வுக்குப் பக்கத்திலேயே 'ன' அமர்ந்துவிட்டது. 'ற' 'ர'வுக்குப் பக்கத்தில். 'வ'வோ 'ழ'வுக்கும் பின்னால். தமிழ் நெடுங்கணக்கில் கடைசியில் வரும் 'ன', குறியெண்படி 'ப'வுக்கும் 'ல'வுக்கும் முந்திக்கொள்கிறது. போதாக்குறைக்கு, 'லை' என்ற ஒரே எழுத்தைக் கணினி இரண்டு குறிகளாக வைத்திருக்கிறது. தமிழுக்கு மென்பொருள் எழுதுகிறவர்கள் பெயர்ப் பட்டியலையோ சொற்பட்டியலையோ அடுக்கும் முன், நெடுங்கணக்கின் வரிசையைத் தனியாகச் சொல்லிக் கொடுத்தே ஆக வேண்டும். சொல்லாமல் விட்ட பட்டியல்களை இன்றும் நிறையப் பார்க்கிறோம். இது அலட்சியம், திருத்த முடிந்த அலட்சியம்.

வரிசைக்கு எண் கொடுக்கும் இந்த வேலையால் என்ன பயன் என்று கேட்பவர்களுக்கு ரூபிக் கன சதுரத்தைக் காட்டலாம். அதன் 8 மூலைத் துண்டுகள் இடம் மாறி நிற்கக்கூடிய விதங்கள் 40,320. ஜெர்மனியின் ஹெர்பர்ட் கோசியம்பா உருவாக்கிய தீர்வு முறையில் அந்த ஒவ்வொரு நிலையும் 0 முதல் 40,319 வரை ஓர் எண்ணாக மாற்றப்படுகிறது. அட்டவணையில் அந்த எண்ணுள்ள இடத்தைப் பார்த்தால், எத்தனை திருப்பங்கள் பாக்கி என்பதற்கு ஒரு துப்பு கிடைத்துவிடும். நிலையைச் சேமிக்கவும் வேண்டாம், தேடவும் வேண்டாம். எந்த நிலையிலிருந்தும் 20 திருப்பங்களுக்குள் கன சதுரத்தைச் சரிசெய்துவிடலாம் என்று 2010-ல் கணினி கொண்டு நிறுவிய குழுவில் அவரும் ஒருவர். சார்ங்கதேவரின் உத்திஷ்டம்தான் அங்கே வேலை செய்கிறது.

கணித ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். வரிசைமாற்றங்கள் பாடத்தை நடத்தும்போது எத்தனையாவது என்று கேட்பதோடு விடாமல், எண்ணைக் கொடுத்துக் கோவையையும் கேளுங்கள். ஒரு வகுப்பையாவது கண்டமேருவுக்கு ஒதுக்குங்கள். கரும்பலகையில் ஏழு நிரல்கள் வரையப் பத்து நிமிடம் போதும். எடுத்துக்காட்டுகளைத் தமிழ்ச் சொற்களிலிருந்து எடுங்கள். நெடுங்கணக்கு வரிசையும் அந்தச் சாக்கில் மனதில் பதியும்.

வாசகர்களுக்கு இந்த வாரப் பயிற்சி 'தலைநகரம்'. ஆறு எழுத்துகள், 720 கோவைகள். அந்தச் சொல் 224-வது என்று வருகிறதா என்று போட்டுப் பாருங்கள். வந்துவிட்டால் 500-வது கோவையையும் கண்டுபிடியுங்கள். விடை அடுத்த வாரம்.