பேரக் கணக்கு – 9: முறிந்தால் யாருக்கு வலிக்கும்?

2015 ஜனவரி 25 அன்று கிரேக்கத்தில் தேர்தல் நடந்தது. 300 இடங்களில் 149ஐப் பிடித்து, இடதுசாரி சிரிசா கட்சி ஆட்சிக்கு வந்தது. புதிய பிரதமர் அலெக்ஸிஸ் சிப்ராஸ் நிதியமைச்சர் நாற்காலியில் உட்காரவைத்தது ஒரு பொருளியல் பேராசிரியரை. பெயர் யானிஸ் வருஃபாகிஸ். நாம் இத்தனை வாரமாகப் பேசிவரும் ஆட்டக் கோட்பாடுதான் அவர் பாடம் நடத்திய துறை. 1995இலேயே ஷான் ஹார்க்ரீவ்ஸ் ஹீப்புடன் சேர்ந்து அதற்கு ஒரு பாடநூல் எழுதியிருக்கிறார்.

அவர் கேட்கப் போனது, மலையாய்க் குவிந்துவிட்ட கடனில் குறைப்பும் சிக்கன நடவடிக்கைகளில் தளர்வும். எதிரே உட்கார்ந்திருந்தவர்கள் யூரோவைப் பயன்படுத்தும் மற்ற 18 நாடுகளின் நிதியமைச்சர்கள், ஐரோப்பிய மத்திய வங்கி, ஐ.எம்.எஃப். பத்திரிகைகளுக்குக் கொண்டாட்டம். பேரத்தைக் கணக்காகப் படித்தவர் பேரத்துக்கே வந்துவிட்டாரே! அவர் எந்தச் சீட்டை மறைத்து வைத்திருக்கிறார், எதை மிரட்டலுக்குச் சொல்கிறார் என்று பக்கம் பக்கமாக ஊகங்கள். பிப்ரவரி 16 அன்று அவரே நியூயார்க் டைம்ஸில் எழுதி மறுத்தார். ஆட்டக் கோட்பாடு ஆடுபவர்களின் நோக்கங்களை மாறாதவை என்று வைத்துக்கொள்கிறது, ஐரோப்பாவில் மாற வேண்டியது அந்த நோக்கங்களே, ஆகவே தான் ஆடவில்லை என்பது அவர் வாதம். மறைத்து வைத்திருப்பவரும் இதையேதான் சொல்வார் என்று வாசித்தவர்கள் சிரித்திருப்பார்கள்.

அவர் ஆடினாரோ இல்லையோ, அந்த ஐந்து மாதங்களைப் போல நம் தொடருக்குப் பொருந்தும் நிகழ்வு வேறு கிடைப்பது கடினம்.

சென்ற வாரம் பார்த்த ஜான் நாஷின் 1950ஆம் ஆண்டுக் கட்டுரையைச் சுருக்கமாக நினைவுபடுத்திக்கொள்வோம். 100 ரூபாயை இருவர் பங்கிட வேண்டும். பேச்சு முறிந்தால் ஒருவருக்கு எப்படியும் 20 ரூபாய் உண்டு, மற்றவருக்கு ஒன்றுமில்லை. அப்படியானால் ஒப்பந்தத்தால் புதிதாகப் பிறப்பது 80. பணத்தின் மதிப்பு இருவருக்கும் ஒரே மாதிரி என்று வைத்துக்கொண்டால், அந்த 80 சரிபாதியாகிறது. முடிவு 60, 40. பேச்சுத் திறமைக்கோ, நியாயம் யார் பக்கம் என்பதற்கோ இந்தக் கணக்கில் இடமே இல்லை. பேச்சு முறிந்தால் யார் கையில் என்ன மிஞ்சும் என்பதுதான் பங்கைத் தீர்மானிக்கிறது.

இந்தக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கிரேக்கத்தைப் பார்க்கலாம். 2010 மே மாதம் 11,000 கோடி யூரோ முதல் மீட்புக் கடன் தரப்பட்டபோது, கிரேக்கம் கைவிரித்தால் பிரான்ஸ், ஜெர்மனி வங்கிகளும் ஆட்டம் காணும் நிலை இருந்தது. முறிவு இரு பக்கமும் வலிக்கும். அன்று ஏதென்ஸிடம் ஒரு துருப்பு இருந்தது. அதை அது பயன்படுத்தவில்லை. ஐந்தே ஆண்டில் காட்சி மாறிவிட்டது. தனியார் வங்கிகள் மெல்ல விலகிக்கொள்ள, கடனில் நான்கில் மூன்று பங்குக்கு மேல் மற்ற ஐரோப்பிய அரசுகள், மத்திய வங்கி, ஐ.எம்.எஃப். கைக்குப் போய்விட்டது. இத்தாலிக்கும் ஸ்பெயினுக்கும் தீ பரவாமலிருக்கத் தேவைப்பட்டால் பத்திரங்களை வாங்குவோம் என்று ஐரோப்பிய மத்திய வங்கி 2012இல் வாக்குக் கொடுத்தது. கிரேக்கத் தேர்தலுக்கு மூன்று நாள் முன்பு, 2015 ஜனவரி 22 அன்று, மாபெரும் பத்திரக் கொள்முதல் திட்டத்தையே அறிவித்தது. சிரிசா மேசைக்கு வந்தபோது, முறிவின் வலியில் மறுபக்கத்துப் பங்கு வெகுவாகக் குறைந்துபோயிருந்தது. வருஃபாகிஸ் என்ன பேசியிருந்தாலும் இதை மாற்றியிருக்க முடியாது என்றே எனக்குப் படுகிறது.

நாஷின் கணக்கில் ஒன்று குறைகிறது. கடிகாரம். அதைக் கொண்டுவந்தவர் இஸ்ரேலியப் பொருளியலாளர் ஏரியல் ரூபின்ஸ்டைன், 1982இல். அவருடைய மாதிரியில் இருவரும் மாறி மாறி விலை சொல்கிறார்கள். ஒவ்வொரு முறை தள்ளிப்போகும்போதும் பங்கிட வேண்டிய பணம் இருவருக்கும் கொஞ்சம் மதிப்பிழக்கிறது. ஆனால் ஒரே அளவில் இல்லை. ஒரு சுற்று தாமதித்தால் பொறுமைசாலிக்கு 100 ரூபாய் 90ஆகத் தெரிகிறது, அவசரக்காரருக்கு 50ஆகத் தெரிகிறது என்று வைப்போம். கணக்குப் போட்டால், பொறுமைசாலி முதலில் விலை சொன்னால் அவருக்கு ஏறக்குறைய 91 ரூபாய். அவசரக்காரர் முந்திக்கொண்டு சொன்னாலும் அவருக்குக் கிடைப்பது 18தான்! மகள் கல்யாணத்துக்கு நாள் குறித்துவிட்டு நிலம் விற்க வருபவரிடம் தரகர் முதலில் துருவித் துருவி விசாரிப்பது முகூர்த்தத் தேதியை. அவரிடம் சமன்பாடு இல்லை, அவ்வளவே வித்தியாசம்.

கிரேக்கத்தின் முகூர்த்தத் தேதி எல்லோருக்கும் தெரிந்திருந்தது. பிப்ரவரி 20 அன்று பழைய திட்டத்தை நான்கு மாதம் நீட்டிக்க உடன்பாடானது. அன்று வெற்றி மாதிரி தெரிந்த அந்த நீட்டிப்பு, பேரத்துக்கு ஜூன் மாதக் கடைசி என்று கெடு வைத்தது. அதற்குள் ஐ.எம்.எஃப். தவணைகள், அதையடுத்து ஜூலை 20 அன்று ஐரோப்பிய மத்திய வங்கிக்கு 350 கோடி யூரோ. மீட்புக் கடனின் அடுத்த தவணை வரவில்லை. கஜானா வறண்டது. உள்ளாட்சிகளும் பொது நிறுவனங்களும் கையிருப்பைக் கிரேக்க மத்திய வங்கிக்கு மாற்ற வேண்டும் என்று ஏப்ரலில் ஆணை போட்டார்கள். மே மாதத் தவணையைக் கட்ட, ஐ.எம்.எஃப்.பிலேயே கிரேக்கத்துக்கு இருந்த அவசர இருப்பிலிருந்து எடுத்தார்கள். கடன் கொடுத்தவனிடமிருக்கும் நம் சேமிப்பை எடுத்து அவனுக்கே கட்டுவது! இதைப் பார்த்துக்கொண்டிருக்கும் எதிர்த்தரப்பு ஏன் இறங்கிவர வேண்டும்?

கடிகாரத்தின் சாவி வேறொருவர் கையில் இருந்தது என்பதுதான் இதில் கூர்மையான இடம். பிப்ரவரி 4 அன்று, கிரேக்க அரசுப் பத்திரங்களை இனி வழக்கமான கடனுக்கு ஈடாக ஏற்க மாட்டோம் என்று ஐரோப்பிய மத்திய வங்கி அறிவித்தது. அதன்பின் கிரேக்க வங்கிகள் அவசரகாலக் கடனை நம்பியே மூச்சுவிட்டன. அதன் உச்சவரம்பை மத்திய வங்கிதான் வாரக்கணக்கில் சிறிது சிறிதாக உயர்த்திக்கொடுத்தது. மக்கள் வங்கியிலிருந்து பணத்தை எடுக்க எடுக்க அந்தத் தேவை ஏறியது. ரூபின்ஸ்டைன் மாதிரியில் பொறுமை என்பது ஆளுடன் பிறந்த குணம். இங்கே ஒருவருடைய பொறுமை எவ்வளவு என்பதை எதிரே இருப்பவர்களில் ஒருவரே நிர்ணயித்தார். பாடநூல் மாதிரிகளில் இதைப் பார்ப்பது அரிது.

மாதிரியில் இன்னொரு ஓட்டையும் உண்டு. அதன்படி முதல் விலையிலேயே பேரம் படிந்துவிட வேண்டும்; முடிவு இருவருக்கும் முன்கூட்டியே தெரியும்போது எதற்கு இழுத்தடிப்பு? நடைமுறையில் ஒருவர் தாக்குப்பிடிக்கும் வலு எவ்வளவு என்பது மற்றவருக்குத் தெரியாது. காத்திருந்து காட்டுவதுதான் அதைத் தெரிவிக்கும் வழி. வேலைநிறுத்தங்கள் நீள்வதற்கும் இதே காரணத்தைப் பின்னால் வந்த ஆய்வாளர்கள் சொன்னார்கள்.

ஜூன் கடைசியில் சிப்ராஸ் புதியதோர் ஆயுதத்தை எடுத்தார். கடன் கொடுத்தவர்களின் நிபந்தனைகளை ஏற்கலாமா என்று மக்களிடம் வாக்கெடுப்பு. இது பொருளியலாளர் தாமஸ் ஷெல்லிங் வகுத்த பாதை. மார்ஷல் திட்டக் காலத்தில் கோபன்ஹேகனிலும் பாரிஸிலும் வேலை பார்த்த ஷெல்லிங், பேரத்தில் பலவீனமே பலம் ஆகலாம் என்று 1956இல் எழுதினார். தன் கையைத் தானே கட்டிக்கொண்டு, விட்டுக்கொடுக்க நினைத்தாலும் முடியாது என்று காட்டிவிட்டால், நகர வேண்டியவர் எதிராளிதான்.

ஷெல்லிங் சொன்ன நிபந்தனைகளையும் சேர்த்துப் படித்திருக்க வேண்டும். கட்டு அவிழ்க்க முடியாததாக இருக்க வேண்டும். எதிராளியும் தன் கையைக் கட்டிக்கொண்டிருக்கக் கூடாது. கிரேக்கத்துக்கு மட்டுமா வாக்காளர்கள்? ஜெர்மன் நாடாளுமன்றத்திலும் ஒப்புதல் வாங்க வேண்டும். கிரேக்கரைவிடக் குறைந்த ஓய்வூதியம் வாங்கும் ஸ்லோவாக்கியர்களுக்கும் ஒரு அரசு பதில் சொல்ல வேண்டியிருந்தது. கிரேக்கர்களில் பெரும்பான்மையினர் யூரோவை விட்டு வெளியேற விரும்பவில்லை என்பதைக் கருத்துக்கணிப்புகள் திரும்பத் திரும்பக் காட்டின. எதிர்த்தரப்பு அவற்றைப் படிக்காமலா இருக்கும்?

ஜூன் 28 அன்று மத்திய வங்கி அவசரக் கடன் வரம்பைச் சுமார் 8,900 கோடி யூரோவிலேயே நிறுத்தியது. மறுநாள் வங்கிகள் மூடப்பட்டன. ஏடிஎம்மில் ஒரு நாளைக்கு 60 யூரோவுக்கு மேல் எடுக்க முடியாது. ஜூன் 30 அன்று கிரேக்கம் ஐ.எம்.எஃப். தவணையைத் தவறவிட்டது. வளர்ந்த நாடு ஒன்று அப்படிச் செய்தது அதுவே முதல்முறை. இத்தனைக்கும் நடுவில் ஜூலை 5 அன்று 61 சதவீதத்துக்கு மேல் ‘வேண்டாம்’ என்று வாக்களித்தார்கள்.

மறுநாள் வருஃபாகிஸ் பதவி விலகினார். வங்கிகளை மூடினால் இரண்டு பதிலடிகள் தன் திட்டத்தில் இருந்ததாகப் பின்னர் எழுதினார். ஒன்று, ஐரோப்பிய மத்திய வங்கி 2010 முதல் வாங்கிவைத்திருந்த கிரேக்கப் பத்திரங்களின் மதிப்பை ஒருதலையாக வெட்டுவது. மற்றது, வரிக் கணக்குகளைக் கொண்டு இணையான பணப்பட்டுவாடா முறை ஒன்றை நடத்துவது. முதலாவது மறுபக்கத்துக்கு முறிவை வலிக்கச் செய்யும். இரண்டாவது கிரேக்கத்துக்கு வலியைக் குறைக்கும். நாஷ் வாசித்தவரின் திட்டம் என்பது பார்த்தவுடனே தெரிகிறது. சிப்ராஸ் அதற்குச் சம்மதிக்கவில்லை. பயன்படுத்தியிருந்தால் வென்றிருப்போம் என்பது வருஃபாகிஸின் கட்சி. எனக்கு நம்பிக்கை வரவில்லை. பிரதமரே அழுத்தத் தயாராக இல்லாத பொத்தான், மேசையில் இல்லாததற்குச் சமம்.

ஜூலை 13 காலை, சுமார் 17 மணி நேர இரவுப் பேச்சுக்குப் பின் ஒப்பந்தம் ஆனது. 8,600 கோடி யூரோ வரையிலான மூன்றாவது மீட்புக் கடன். பதிலுக்கு வரி உயர்வு, ஓய்வூதியக் குறைப்பு, அரசுச் சொத்துகளை விற்க 5,000 கோடி யூரோ இலக்குடன் ஒரு நிதி. மொத்தத்தில், மக்கள் நிராகரித்ததைவிடக் கடுமையான நிபந்தனைகள். அரசு மிச்சம் பிடிக்க வேண்டிய இலக்கு மட்டும் குறைக்கப்பட்டது. அதற்கும் காரணம் இடையில் பொருளாதாரம் மேலும் சரிந்ததே. அந்த வாரத்தில் ஜெர்மன் நிதியமைச்சர் வோல்ஃப்காங் ஷொய்ப்ளேயின் அமைச்சகம் ஒரு தாளைச் சுற்றுக்கு விட்டிருந்தது. கிரேக்கம் ஐந்தாண்டு யூரோவிலிருந்து விலகியிருக்கலாமே என்ற யோசனை அதில் இருந்தது. வெளியேறிவிடுவோம் என்று கிரேக்கம் மிரட்ட வேண்டிய இடத்தில், வெளியே போங்களேன் என்று எதிர்த்தரப்பு சொன்னது. ஆட்டக் கோட்பாட்டில் பட்டம் பெறாத ஷொய்ப்ளே, நாஷின் கணக்கைச் சரியாகப் போட்டார்.

வேடிக்கை என்னவென்றால், செப்டம்பர் 20 அன்று நடந்த மறுதேர்தலில் அதே சிப்ராஸ் மீண்டும் வென்றார். பிரஸ்ஸல்ஸ் மேசையில் மட்டும் பார்த்தால் அவர் தோற்றவர். ஏதென்ஸில் இன்னொரு மேசையும் இருந்தது. அங்கே அவர் பேரம் பேசியது தன் வாக்காளர்களுடனும் தன் கட்சியின் கலகக்காரர்களுடனும். இரண்டு மேசைகளில் ஒரே நேரத்தில் உட்கார்ந்திருப்பவரை எப்படிக் கணக்கிடுவது என்பதற்கு அரசியல் அறிஞர் ராபர்ட் பட்னம் 1988இல் ஒரு வழி சொன்னார். அதை அடுத்த வாரம் எடுத்துக்கொள்வோம்.

(தொடரும்)