எந்தக் கட்டத்துக்கு என்ன வர்ணம்?

சென்னைக் கடற்கரையிலிருந்து தாம்பரத்துக்கு மின்சார ரயில் ஓடத் தொடங்கியது 1931-ஆம் ஆண்டில். அந்தப் பாதையில் தாம்பரத்தை நெருங்கும் சமயம் குரோம்பேட்டை என்று ஒரு ஸ்டேஷன் வரும். தினந்தோறும் ஆயிரக்கணக்கான பேர் அங்கே ஏறி இறங்குகிறார்கள். தாங்கள் இறங்குகிற ஊர் ஒரு தனிமத்தின் பெயரைச் சுமந்துகொண்டிருக்கிறது என்பதை அவர்களில் எத்தனை பேர் எண்ணிப் பார்த்திருப்பார்களோ!

அந்தக் காலத்தில் நம் நாட்டில் ஆவாரம் பட்டையைக் கொண்டு தோல் பதனிடுவார்கள். வாரக்கணக்கில் ஊற வேண்டும். குரோமிய உப்பைக் கொண்டு பதனிட்டால் ஓரிரு நாளில் வேலை முடிந்துவிடும். தோலும் இளநீலமாக வந்து நிற்கும். இந்தப் புது முறையில் தோல் பதனிட்ட 'க்ரோம் லெதர் கம்பெனி' இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் இங்கே ஏற்பட்டது. கம்பெனியின் பெயரே பேட்டைக்கும் பெயராகிவிட்டது.

குரோமியம் என்ற பெயருக்கு வருவோம். 1797-இல் வோக்லென் என்ற பிரெஞ்சு ரசாயனி, சைபீரியாவிலிருந்து வந்த ஒரு சிவப்புத் தாதுவில் இந்த உலோகத்தைக் கண்டுபிடித்தார். அதன் உப்புகள் ஒன்று மஞ்சள், ஒன்று ஆரஞ்சு, ஒன்று பச்சை, ஒன்று ஊதா என்று வேஷம் போட்டன. ஆகவே 'நிறம்' என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லையே அதற்குப் பெயராக வைத்தார்கள். மாணிக்கம் சிவப்பாக ஜொலிப்பதும் மரகதம் பச்சையாகக் குளிர்வதும் பெரும்பாலும் இந்தக் குரோமியத்தின் கைங்கரியம்தான்.

இத்தனை வர்ணம் காட்டும் குரோமியத்துக்கு, பள்ளிக்கூடச் சுவரில் தொங்கும் தனிம வரிசை அட்டவணையில் என்ன வர்ணம்? அது அட்டவணையை அச்சிட்டவரின் இஷ்டம்! ஒரு படத்தில் மஞ்சள், இன்னொன்றில் இளஞ்சிவப்பு, மற்றொன்றில் நீலம்.

இது என்ன வேடிக்கை என்று கேட்பீர்கள். சங்கதி இதுதான். 1869-இல் ருஷ்ய விஞ்ஞானி மெண்டலீவ் தமக்குத் தெரிந்த அறுபத்துச் சொச்சம் தனிமங்களை வரிசைப்படுத்தியபோது, அட்டவணையில் வர்ணமே கிடையாது. காலியிடம் மட்டும் விட்டு, அங்கே வரவேண்டிய தனிமங்களுக்கு நம் சமஸ்கிருத 'ஏக' என்ற சொல்லைச் சேர்த்துப் பெயரும் வைத்தார். அவர் 'ஏக-சிலிக்கான்' என்று சொன்னது 1886-இல் ஜெர்மானியமாக வந்து சேர்ந்தது. இன்று கட்டங்கள் 118 ஆகிவிட்டன. இத்தனை கட்டங்களில் கண் வழி தவறாமல் இருக்க, பின்னால் வந்தவர்கள் வர்ணம் பூசினார்கள். தனிமங்களின் பெயரையும் குறியீட்டையும் நிர்ணயம் செய்வதற்கு சர்வதேச ரசாயனச் சங்கம் ஒன்று இருக்கிறது. ஆனால் எந்தக் கட்டத்துக்கு எந்த வர்ணம் என்று அது கட்டளையிடவில்லை.

ஆவின் பால் வாங்குகிறவர்களுக்கு இந்தச் சிக்கல் எளிதில் புரியும். நீல உறை என்றால் சமன்படுத்திய பால், ஆரஞ்சு உறை என்றால் கொழுப்பு நிறைந்த பால் என்று கை தானாக எடுக்கிறது. வேறொரு கம்பெனிக்காரர் அதே நீலத்தை வேறு பாலுக்கு வைத்துவிட்டால்? உறையில் அச்சிட்டிருப்பதைப் படித்துத்தான் ஆக வேண்டும்! அட்டவணையின் மூலையில் சின்னச் சின்னக் கட்டங்களாக இருக்கிறதே நிறக் குறிப்பு, அதுதான் இங்கே உறையில் அச்சிட்ட எழுத்து.

அதோடு போயிற்றா? எதைக் காட்டுவதற்காக வர்ணம் பூசியிருக்கிறார்கள் என்பதும் படத்துக்குப் படம் மாறும். ஒரு படம் குடும்பத்தைக் காட்டும்: கார உலோகம், இடைநிலை உலோகம், உலோகப் போலி, மந்த வாயு என்று. இன்னொரு படம் எஸ், பி, டி, எஃப் என்ற எலெக்ட்ரான் தொகுதிகளைக் காட்டும். மூன்றாவது படம் திடமா, திரவமா, வாயுவா என்று காட்டும். பலூனில் அடைக்கிறோமே ஹீலியம், அதைப் பாருங்கள். குடும்பப் படத்தில் அதற்கு நியானின் வர்ணம், ஏனென்றால் அது மந்த வாயு. தொகுதிப் படத்திலோ ஹைட்ரஜனின் வர்ணம், ஏனென்றால் எலெக்ட்ரான் கணக்கில் அது எஸ் தொகுதி. இரண்டும் சரிதான். குறிப்பைப் படிக்காத பிள்ளை மட்டும் திருதிருவென்று விழிக்கும்.

வர்ணத்தை மட்டும் நம்பினால் வேறொரு ஆபத்தும் உண்டு. குரோமியத்துக்கு அட்டவணையில் ஒரே கட்டம், ஒரே வர்ணம். ஆனால் அதன் நடத்தை ஒன்றல்ல. தோல் பதனிட உதவுவது மூன்று இணைதிறன் கொண்ட குரோமியம். ஆறு இணைதிறன் கொண்டதோ கொடிய விஷம். புற்றுநோயை உண்டாக்க வல்லது. ராணிப்பேட்டையில் ஒரு குரோமேட் தொழிற்சாலை 1990-களில் மூடப்பட்ட பிறகும், அதன் கழிவு மலைபோல் குவிந்து கிடந்து நிலத்தடி நீரைக் கெடுத்தது. கிணற்றில் மஞ்சள் தண்ணீரைக் கண்டவர்களுக்கு அட்டவணையின் வர்ணம் என்ன சொல்லிவிடும்? 'இவன் இன்ன குடும்பம்' என்று சொல்லும். 'இன்ன குணம்' என்று முழுவதும் சொல்லாது. மனிதர்கள் விஷயமும் அப்படித்தானே!

தாய்மார்கள் கவனிக்க வேண்டிய விஷயம் இன்னொன்று. சில பிள்ளைகளுக்குச் சிவப்பும் பச்சையும் ஒன்றுபோலவே தெரியும். இந்த நிறக்குருடு பெரும்பாலும் தாய் வழியாக மகனுக்கு வருவது. தாய்க்குப் பார்வையில் குறையே இருக்காது. ஆண் பிள்ளைகளில் நூற்றுக்குச் சிலருக்கு இது உண்டு. பெண்களிடம் வெகு அபூர்வம். வீட்டிலும் பள்ளியிலும் யாரும் அறியாமலே வருஷங்கள் ஓடிவிடும். அட்டவணையைப் பார்த்து உலோகத்தையும் அலோகத்தையும் மாற்றிச் சொல்லுகிற பையனை "மக்கு" என்று திட்டுவதற்கு முன்னால், ஒரு கண் மருத்துவரிடம் காட்டுங்கள். பரிசோதனைக்குச் சில நிமிஷங்கள் போதும்.

பிளஸ் ஒன் வகுப்பில் பிள்ளை இருக்கிற வீடுகளுக்கு மூன்று யோசனைகள். படத்தை மாட்டியதும் முதலில் மூலையில் உள்ள நிறக் குறிப்பைப் பிள்ளையை வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். அடுத்து, வர்ணத்தோடு கூடவே பென்சிலால் ஓர் அடையாளமும் போடச் சொல்லுங்கள்: ஒரு குடும்பத்துக்குக் கோடு, இன்னொன்றுக்குப் புள்ளி. நிறம் தெரியாத பிள்ளைக்கும் அது உதவும். மூன்றாவதாக, வாரம் ஒரு முறை கறுப்பு வெள்ளைப் படத்தை வைத்துக் கேள்வி கேளுங்கள். கேள்வித்தாள் கறுப்பு மையில்தான் வரும். அங்கே மஞ்சளும் இல்லை, நீலமும் இல்லை. எந்த வரிசை, எந்தத் தொகுதி என்று இடத்தைக் கொண்டு குணத்தைச் சொல்லத் தெரிந்த பிள்ளைக்குத்தான் மார்க்!