எரரைப் பார்த்து எஸ்கேப் ஆகாதீங்க பாஸ்!

ராயபுரமோ, திருவொற்றியூரோ, எண்ணூரோ... வீட்டுக்கே நீங்கதான் முதல் இன்ஜினீயர்னா, சி புரோகிராம்ல டவுட் வந்தா பக்கத்துல கேட்க ஆள் இருக்காது. ரெண்டு எரர் வந்ததுமே, 'நமக்கு கோடிங் வராதுடா'ன்னு முடிவு கட்டிடாதீங்க. தப்பு பல நேரம் உங்க மேல இல்ல, செட்டிங்ல!

நம்ம ஊர் காலேஜ் லேப்கள்ல பல செட்டை வளர்த்த டர்போ சி, 1987-ல் போர்லாண்ட் கம்பெனி வெளியிட்டது. தம்பி டர்போ சி++-ம் அதே டாஸ் காலத்து ஆள்தான். 16-பிட் என்பதால் 64-பிட் விண்டோஸ் நேரடியா ஓட விடாது. டாஸ்பாக்ஸ் போட்டு, டர்போ சி இருக்கிற ஃபோல்டரை அதுல மவுன்ட் பண்ணுங்க, ஓடும்.

'இன்க்ளூட் ஃபைலைத் திறக்க முடியலை'ன்னு புலம்புதா? ஆப்ஷன்ஸ் மெனுவில் டைரக்டரீஸ் போய், இன்க்ளூட், லிப் ரெண்டு பாதையும் சரியான்னு பாருங்க.

பத்து எரர் வந்தா முதல் எரரை மட்டும் திருத்திட்டு மறுபடி கம்பைல் பண்ணுங்க. ஒரு செமிகோலன் மிஸ்ஸானாலே நாலஞ்சு வரும். அதுவும் அடுத்த வரியைத்தான் காட்டும். மேல் வரியையும் பாருங்க.

கம்பைல் ஓகே, ஆனா லிங்கர் எரரா? பெட்டிகளைத் தயார் பண்றது கம்பைலர், கோத்து ரயிலாக்குறது லிங்கர். 1856-லேயே ரயில் விட்ட ராயபுரத்துக்கு இதைச் சொல்லியா தரணும்? ஃபங்ஷன் பேர்ல ஸ்பெல்லிங்கையும் லிப் பாதையையும் செக் பண்ணுங்க.

அவுட்புட் மின்னி மறைஞ்சா ஆல்ட்+எஃப்5. லூப் நிக்காம சுத்தினா கன்ட்ரோல்+பிரேக்.

எரரே வராம ஏமாத்துற கேஸும் உண்டு. ஹார்பர் யார்டுல 200 வரிசை, வரிசைக்கு 200 கன்டெய்னர்னு வெச்சுக்குங்க. 'இன்ட்'ல பெருக்கினா 40,000-க்குப் பதில் மைனஸ் 25,536 வரும்! இங்கே 'இன்ட்' ரெண்டு பைட்தான்; 32,767-ஐத் தாண்டாது. பெருக்குற எண்களையே 'லாங்'னு டிக்ளேர் பண்ணி, பிரின்ட்டுல பர்சன்ட் எல்டி போடுங்க.

கடைசியா ஒண்ணு. 'வாய்ட் மெயின்', 'கோனியோ', 'கிளியர் ஸ்கிரீன்' எல்லாம் டர்போ சி பழக்கம். ஜிசிசி மாதிரி கம்பைலர்ல அதே புரோகிராம் மக்கர் பண்ணலாம். இன்டர்வியூவுக்கு முன்னாடியே 'இன்ட் மெயின்' எழுதிப் பழகிடுங்க.

எரர் மெசேஜ் திட்டு இல்ல பாஸ், வழி சொல்ற போர்டு. நிதானமா படிங்க!