டெப்ட்ல இருக்கிற அந்த 'பி' யார் வச்சது?

மூணாவது வருஷம், மினி ப்ராஜெக்ட் ரிவ்யூ. எங்க டீம்ல கோடு முழுக்க எழுதினவன்தான் ஸ்லைடு காட்டிப் பேசிட்டிருந்தான். ப்ளஸ் டூ வரைக்கும் தமிழ் மீடியம். "டெக்னிக்கல் டெப்ட்" என்று பி-யை அழுத்திச் சொன்னான். இப்போதைக்கு ஓடினா போதும்னு அவசரமா எழுதிட்டு, பின்னாடி வட்டியோட உட்கார்ந்து திருத்த வேண்டியிருக்கிற கோடுக்குத்தான் அந்தப் பெயர். விளக்கம் சரியாத்தான் சொன்னான். ஆனா கடன் என்கிற அந்தச் சொல்லோட உச்சரிப்பு 'டெட்'. பின் வரிசை சிரிச்சது. நானும் சிரிச்சேன். அடுத்த ரிவ்யூவுக்கு "நீயே பேசிடு மச்சி"ன்னு ஸ்லைடை என்கிட்ட தள்ளிட்டான். அவன் எழுதின கோடுக்கு எனக்கு நல்ல மார்க் வந்தது.

அப்புறம் ஒருநாள் அகராதியில அந்தச் சொல்லோட பூர்வீகத்தைப் படிச்சப்போதான் தெரிஞ்சது, அந்த பி முதல்ல அங்க இல்லவே இல்லை. பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தப்போ பி இல்லாமத்தான் எழுதினாங்க. பிற்பாடு லத்தீன் படிச்ச பண்டிதர்கள், இதுக்கு மூலம் லத்தீன் 'டெபிட்டும்', அந்தச் சொந்தம் எழுத்திலயாவது தெரியட்டும்னு ஒரு பி-யைச் சொருகிட்டாங்க. எழுத்து மாறிச்சு, வாய் மாறல. (உங்க டெபிட் கார்டும் அதே குடும்பம்தான். அங்க பி-க்கு உண்மையிலேயே வேலை இருக்கு.)

ஐலண்ட் கதை இன்னும் மோசம். அது அசல் பழைய ஆங்கிலச் சொல், லத்தீனுக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்லை. பிரெஞ்சு வழியா வந்த 'ஐல்' என்ற வேற ஒரு சொல்லோட குழப்பிக்கிட்டு நடுவுல எஸ் போட்டுட்டாங்க. ஒரு சின்னக் குழப்பம், நூற்றாண்டுகளா எல்லாக் குழந்தையும் மனப்பாடம் பண்ணுது!

கர்னல்ல ஆர் எழுத்தே கிடையாது, கவனிச்சிருக்கீங்களா? படைவரிசைக்கான இத்தாலியச் சொல்லிலிருந்து பிறந்தது அது. பிரெஞ்சுக்காரங்க முதல் எல்-ஐ ஆர் ஆக்கிட்டாங்க. ஆங்கிலத்துல கொஞ்ச காலம் ரெண்டு வடிவமும் ஓடிச்சு. கடைசியில எழுத்து இத்தாலிக்குப் போச்சு, சத்தம் பிரான்ஸ்லயே நின்னுடுச்சு.

நைட், அதாவது குதிரைவீரன், முன்னாடி கே-யோட சேர்த்துத்தான் உச்சரிக்கப்பட்டது. வில்லியம் காக்ஸ்டன் 1476-ல இங்கிலாந்துக்கு அச்சு இயந்திரம் கொண்டுவந்த பிறகு எழுத்துகள் மெல்ல மெல்ல இறுகிப்போச்சு. உச்சரிப்பு மட்டும் ஓடிக்கிட்டே இருந்தது. வெர்ஷன் ஒன் ஸ்பெல்லிங், வெர்ஷன் பத்து சத்தம். இதுவும் ஒரு டெக்னிக்கல் டெப்ட்தானே!

நான் சொல்ல வந்தது சால்டரிங் பத்தி. லேப்ல ஈயம் உருக்கிப் பத்த வைக்கிறோமே, அதேதான். அமெரிக்க வீடியோக்கள்ல 'சாடரிங்'னு காதுல விழுந்திருக்கும். எல் எங்க போச்சு? இடைக்கால ஆங்கிலத்துல அந்தச் சொல்லை எல் இல்லாமலும் எழுதினாங்க. லத்தீனைப் பார்த்து எல் உள்ளே வந்தது. அமெரிக்காவுல அதை உச்சரிக்காம விட்டாங்க. பிரிட்டன்ல எழுத்துல இருக்குதேன்னு 'சோல்டர்'னு சொல்ல ஆரம்பிச்சு, இன்னைக்கு அகராதியிலயே அதுதான் பிரிட்டிஷ் உச்சரிப்பு. எழுதினதை எழுதினபடி படிச்சாங்க, அவ்வளவுதான். எங்க டீம்காரன் செஞ்சதும் அதே வேலைதான்.

நீங்க ரிவ்யூவில மாட்டக்கூடிய இன்னும் சிலது. அளவுமானி 'கேஜ்', 'காஜ்' இல்ல. வண்டியோட அடிச்சட்டம் 'ஷாசி', கடைசி எஸ் பேசாது. ஒரு விஷயத்திலிருந்து இன்னொண்ணுக்கு வழுக்கிக்கிட்டுப் போறது 'செக்வே', இத்தாலியச் சொல். திட்டம் கோணலாப் போச்சுன்னு சொல்ற சொல்லைப் பார்த்தா 'ஆவ்ரி'ன்னு படிக்கத் தோணும், ஆனா அது 'அரை'. போட்ட பிளான் அரைகுறையா போச்சுன்னு ஞாபகம் வச்சுக்கோங்க. ஒரு குணத்துக்கே உதாரணமா நிக்கிறது 'எபிடமி', 'எபிடோம்' இல்ல.

அப்புறம் ஹைபர்பலி. மிகைப்படுத்திச் சொல்றது. நம்ம கணக்குல வர்ற ஹைபர்போலாவுக்கு உடன்பிறப்பு, ரெண்டுமே 'அப்பால் எறிதல்' என்ற கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தவை. ஒரு மாக் ஜிடியில நான் இதை 'ஹைப்பர்போல்'னு கம்பீரமா சொன்னேன். யாரும் சிரிக்கல. யாருக்கும் தெரியலையா, இல்ல இங்கிலீஷ் மீடியம் ஆள் சொன்னா சரியாத்தான் இருக்கும்னு விட்டுட்டாங்களா? எனக்கு ரெண்டாவதுதான்னு தோணுது.

சந்தேகம் வந்தா அகராதியில அந்த ஸ்பீக்கர் பட்டனை அழுத்துங்க, பத்து செகண்ட் வேலை. உச்சரிப்புக் குறியீட்டுல மேல் பக்கம் ஒரு சின்னக் கோடு இருக்கும். அதுக்கு அடுத்து வர்ற அசையைத்தான் அழுத்திச் சொல்லணும். நாம எல்லா அசையையும் ஒரே எடையில சொல்லிப் பழகினவங்க, அதனால இதுலதான் அதிகம் சறுக்குறோம்.

நம்ம கட்டுமரம் ஆங்கிலத்துக்குப் போய் 'கேட்டமரன்' ஆச்சு. சத்தம் மட்டுமா, பொருளும் மாறிச்சு: மரங்களைச் சேர்த்துக் கட்டினது போய், இப்போ ரெண்டு உடல் கொண்ட படகு. மிளகுத்தண்ணி 'மலிகடானி' ஆச்சு. நம்ம ஊர்ல யாரும் அவங்களைப் பின் வரிசையில உட்கார்ந்து சிரிக்கல.

அடுத்த மாசம் ஃபைனல் ரிவ்யூ. முதல் அஞ்சு ஸ்லைடு நீதான் பேசணும்னு அவன்கிட்ட கேட்டிருக்கேன். "டெப்ட்னே சொல்லுவேன், பரவாயில்லையா?"ன்னான்.

சொல்லுடா.