சாவி கைதியிடம்

அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில் பீட்டி சாட்விக் என்ற வழக்கறிஞர் 1995 முதல் 2009 வரை 14 ஆண்டுகள் சிறையில் இருந்தார். அவர்மீது எந்தக் குற்றமும் சாட்டப்படவில்லை. மணவிலக்கு வழக்கில் சுமார் 25 லட்சம் டாலரைச் செலுத்தச் சொல்லி உத்தரவு. பணம் முதலீட்டில் போய்விட்டது என்றார் அவர், நீதிமன்றம் நம்பவில்லை. கட்டியிருந்தால் அன்றே வெளியே வந்திருக்கலாம். இனி அடைத்து வைத்தும் பயனில்லை என்று நீதிபதி முடிவுக்கு வந்த பிறகே விடுதலை கிடைத்தது. சிறைச் சாவியைக் கைதியின் சட்டைப்பையிலேயே வைத்துப் பூட்டும் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இது. கடந்த செயலைத் தண்டிப்பதல்ல, உத்தரவை நிறைவேற்ற வைப்பதே இந்தச் சிறையின் நோக்கம்.

இந்தியாவில் இப்போதுள்ள நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971இல் வந்தது. நீதிமன்றத்தை இழிவுபடுத்துவதும் நீதி வழங்குவதில் குறுக்கிடுவதும் குற்றவியல் அவமதிப்பு. உத்தரவையோ, நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியையோ வேண்டுமென்றே மீறுவது உரிமையியல் அவமதிப்பு. ‘வேண்டுமென்றே’ என்பதில்தான் வழக்கே நிற்கிறது. உத்தரவு தெரியவே தெரியாது, நிறைவேற்ற வழியே இல்லை என்று காட்டினால் தப்பலாம். ‘மேல்முறையீடு செய்திருக்கிறோம்’ என்ற பதில் மட்டும் போதாது. தடையாணை வாங்கியிருக்க வேண்டும்.

தண்டனை என்று பார்த்தால் அதிகபட்சம் 6 மாதச் சிறை, 2,000 ரூபாய் அபராதம். உத்தரப் பிரதேச முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கு 1994இல் உச்ச நீதிமன்றம் விதித்தது ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாயும். தொழிலதிபர் விஜய் மல்லையாவுக்கு 2022இல் 4 மாதச் சிறை, அதே 2,000 ரூபாய். ஆனால் உத்தரவை மீறிப் பிள்ளைகளுக்கு மாற்றிய 4 கோடி டாலரை வட்டியோடு திருப்பிக் கட்டவும் அதே தீர்ப்பு சொன்னது. அபராதம் சிறிது; மீறலால் அடைந்த பலனைப் பறிப்பதில்தான் கடுமை இருக்கிறது.

அரசு அலுவலகங்களில் இந்தச் சட்டம் வேலை செய்யும் விதம் வேறு. சாதாரண வழக்கில் எதிர்மனுதாரர் ஒரு துறை அல்லது பதவி. அவமதிப்பு மனுவிலோ அதிகாரியின் சொந்தப் பெயர் ஏறுகிறது. சிறைக்குப் போனால் அவர்தான் போக வேண்டும். அதனால்தான் ஆண்டுக்கணக்கில் அசையாத கோப்பு, நேரில் ஆஜராகும் நாளுக்கு முன் அசைந்துவிடுகிறது. ‘உத்தரவு நிறைவேற்றப்பட்டது’ என்று அறிக்கை வந்ததும் பெரும்பாலும் மனு முடித்து வைக்கப்படுகிறது. யாரும் சிறைக்குப் போகாமல் முடியும் வழக்கே இந்தச் சட்டத்தின் வெற்றி.

உங்களுக்குச் சாதகமாக உத்தரவு கிடைத்தால், சான்றிட்ட நகலை உரிய அதிகாரியிடம் கொடுத்து ஒப்புகை வாங்கி வையுங்கள். மீறல் நடந்ததிலிருந்து ஓராண்டுக்குள் நீதிமன்றத்தை அணுக வேண்டும். அதற்குப் பிறகு இந்தச் சட்டம் கைகொடுக்காது.